கதவுல கை வச்ச இடத்துல இடைவேளை

மேலப்பாறைக்குளத்துல ஒரு இத்தாலிக்காரர் தொண்ணூத்தி நாலு நாள் குடியிருந்தாரு. லாட்ஜுல இல்ல, யாரு வீட்டு மாடியிலயும் இல்ல, ஊர்க்காரங்க மண்டைக்குள்ள. ஒரு நாளைக்கு ஒரு மண்டை, காலையில ஆறு மணிக்கு உள்ள போவாரு, சாயங்காலம் ஆறு மணிக்கு வெளிய வருவாரு, ராத்திரி எங்க படுத்தாரு என்னத்தத் தின்னாருன்னு ஒருத்தருக்கும் தெரியாது, மறுநாள் ஆறடிச்சா அடுத்த மண்டையில இருப்பாரு. இது எப்பிடி நடக்கும்னு அந்த ஊர்ல போயிக் கேட்டுப் பாருங்க, உங்களத்தான் ஒரு மாதிரி பாப்பாங்க. இடைவேளை விடக்கூடாத படத்துக்கு இடைவேளை விட்டா அந்த மனுசன் வேற எங்கதான் போவாருன்னு திருப்பிக் கேப்பாங்க.

இடைவேளை விட்டது செண்பகம் டாக்கீஸ் ஆபரேட்டர் நயினாரு. இந்தக் கதை அவரு பொண்டாட்டி சங்கரவடிவோடது. அதே டாக்கீஸ்ல பொம்பளைங்க கவுண்டர்ல உக்காந்து டிக்கெட் கிழிக்கிறவ, முப்பது வயசு, அதிகம் பேசமாட்டா, யாரு எந்த சீட்டுல உக்காந்தாங்கன்னு ஒரு மாசம் கழிச்சுக் கேட்டாலும் சொல்லுவா. அந்த ஞாபகம்தான் பின்னால ஊருக்கே பஞ்சாங்கம் ஆச்சு.

ஊர் காலேஜுல பொருளாதாரம் நடத்துற கிருபாகரன் சாருக்கு சினிமான்னா தலைகால் புரியாது. சங்கம்னு ஒண்ணு வச்சு, மாசத்துக்கு ஒரு ஞாயித்துக்கிழமை காலைக்காட்சிக்கு வெளிநாட்டுப் படம் வரவழைப்பாரு. புரியுதோ புரியலையோ ஒரு தொண்ணூறு பேரு வருவாங்க, ஏன்னா ஃபேன் ஓடும், பேசிக்கிட்டு இருக்கலாம், ராஜாமணி அண்ணாச்சி கேண்டீன்ல அன்னைக்கு மட்டும் வெங்காய போண்டா போடுவாரு. அந்த மாசம் வந்தது ஒரு இத்தாலிப் படம். இத்தாலியிலயே ரெண்டு ஊர்லதான் ஓடிச்சாம், அதுல ஒரு ஊர்ல பாதியில வெரட்டி விட்டுட்டாங்களாம். மனுச மூளைக்குள்ள என்ன இருக்குன்னு தேடிப் போற படம்னு சார் நோட்டீஸ் அடிச்சு ஒட்டினாரு. டப்பாவுக்குள்ள ஒரு காகிதம் இருந்துச்சு, இத்தாலி பாசையில, ஒரு வரிக்குக் கீழ மட்டும் செவப்பு மையில மூணு கோடு. படத்தப் பாராட்டி எழுதியிருப்பாங்கன்னு சார் அத மடிச்சுப் பைக்குள்ள வச்சுக்கிட்டாரு.

படத்துல என்னன்னா, கருப்புக் கோட்டு போட்ட ஒல்லியான ஒரு ஆளு நாற்காலியில உக்காந்திருக்காரு. கண்ண மூடுதாரு. கேமரா அவரு காதுக்குள்ள போகுது, போகுது, போயிக்கிட்டே இருக்கு, கடைசியில ஒரு நீள வழி, ரெண்டு பக்கமும் கதவு, அந்த வழியில அதே ஆளு நின்னுக்கிட்டிருக்காரு, தன் மண்டைக்குள்ள தானே. ஒரு கதவத் தொறக்காரு, கட்டில்ல ஒரு வெள்ளாடு படுத்திருக்கு. இன்னொண்ணத் தொறக்காரு, மழை தரையிலருந்து மேல பெய்யுது. இன்னொண்ணத் தொறக்காரு, ஒரு பொம்பள ஆரஞ்சுப் பழத்த உரிக்கா, உரிக்க உரிக்க தோலுதான் வருது, பழம் வரல. வசனமே கிடையாது, ஷூ சத்தம் மட்டும் டக்கு டக்குன்னு. ஏழாவது கதவு முன்னாடி அந்த ஆளு ரொம்ப நேரம் நிக்காரு. அப்புறம் கைப்பிடியில கை வைக்காரு.

நயினாருக்கு அதுதான் இடம். இடைவேளையே இல்லாம வர்ற வெளிநாட்டுப் படத்துல எங்க நிறுத்தினா சனம் மறுபடியும் உள்ள வரும்னு கண்டுபிடிக்கிறதுல அந்த வட்டாரத்துலயே அவர மிஞ்ச ஆளு கிடையாது. சார் மட்டும் மேல ஓடிவந்து, "நயினார், இதுக்கு இடைவேளை கிடையாதாம்ப்பா, ஒரே மூச்சா ஓட்டணும்னு டப்பா கொண்டுவந்தவன் சொன்னான்"ன்னாரு.

"இடைவேளை இல்லாத படமா சார்? போண்டா போட்டாச்சு"ன்னாரு நயினாரு. கை வச்ச கை வச்சபடி இருக்க, லைட்டப் போட்டாரு.

கால் மணி நேரம். சனம் போண்டா தின்னுச்சு, டீ குடிச்சுச்சு, மூத்திரம் பேஞ்சுச்சு, திரும்பி வந்து உக்காந்துச்சு. ரெண்டாம் பாதி ஆரம்பிச்சா அதே வழி, அதே கதவுங்க, ஏழாவது கதவு ஆ-ன்னு தொறந்து கிடக்கு, ஆளக் காணோம். நாப்பது நிமிசம் ஆளில்லாத வழியவே காட்டினாங்க. ஷூ சத்தமும் இல்ல. படம் முடிஞ்சதும் சார் மேடையேறி, இல்லாமையத்தான் இயக்குநர் காட்டுதாருன்னு விளக்கினாரு, எல்லாரும் கை தட்டிட்டு சோத்துக்கு வீட்டுக்குப் போனாங்க.

மறுநாள் காலையில ஆறு மணிக்கு ரைஸ்மில் சண்முகசுந்தரம், அவருதான் ஏ வரிசையில ஒண்ணாம் நம்பர் சீட்டுல உக்காந்தவரு, கொல்லையில பல் விளக்கிக்கிட்டு இருந்தாரு. வாயில நுரையோட திடீர்னு சொல்ல ஆரம்பிச்சாரு: "நீளமா ஒரு வழி. ரெண்டு பக்கமும் கதவு. மொதக் கதவத் தொறக்கேன். உள்ள அப்பா உக்காந்து அழுதுக்கிட்டிருக்காரு. ரெண்டாவது கதவத் தொறக்கேன். கம்பவுண்டர் பொண்டாட்டி மஞ்சச் சேலையில நிக்கா." வாயப் பொத்தினாரு, நிக்கல. தண்ணி குடிச்சாரு, தண்ணிக்கு நடுவுலயும் வார்த்தை வந்துச்சு. கோவமும் இல்ல, வெக்கமும் இல்ல, பஸ் ஸ்டாண்டுல ஊர்ப் பேரு வாசிக்கிற மாதிரி ஒரு குரல். அவரு பொண்டாட்டி கேட்டா, மகன் கேட்டான், மதியத்துக்குள்ள தெருவே கேட்டுச்சு. சாயங்காலம் ஆறு மணிக்கு அவரு வாசப்படியிலருந்து டக்கு டக்குன்னு ஷூ சத்தம் எறங்கிப் போச்சு. மறுநாள் அது ஏ ரெண்டுல இருந்துச்சு.

நாலாம் நாளே சனத்துக்குக் கணக்குப் புரிஞ்சு போச்சு. சீட்டு வரிசை. வடிவோட கவுண்டருக்கு முன்னால படத்துக்குக்கூட வராத கூட்டம் வந்துச்சு. "யம்மா, என் மச்சான் எந்த சீட்டுல இருந்தாரு", "எங்க டீச்சர் சி நாலா சி அஞ்சா", "டி வரிசை என்னைக்கு வருது"ன்னு. வடிவு ஒரு அட்டையில எல்லாம் எழுதி, இன்னைய காட்சி போடுற போர்டுல மாட்டிட்டா. ஏ ஒண்ணுலருந்து ஜே நாலு வரைக்கும் தொண்ணூத்தி நாலு பேரு, பக்கத்துல தேதி. கடைசிப் பேரு அவளோடது. கவுண்டரப் பூட்டிட்டு கடைசியா வந்து கடைசி சீட்டுல உக்காந்தவ அவதான். மேல ப்ரொஜெக்டர் ரூம்ல நின்னுக்கிட்டே பாத்த நயினாருக்கு சீட்டு கிடையாது, அதனால தேதியும் கிடையாது.

தப்பிச்சுப் பாக்க முயற்சி பண்ணாமலா இருப்பாங்க. டி ரெண்டு, ஜவுளிக்கடை மாடசாமி, முந்தின நாளே மதுரைக்கு பஸ் ஏறி லாட்ஜுல ரூம் போட்டாரு. காலையில ஆறு மணிக்கு பக்கத்து டீக்கடையில அம்பது பேருக்கு முன்னால வாய் தொறந்துச்சு. இங்கயாவது தெரிஞ்சவங்க, அங்க அத்தனையும் ஊரு பேரு தெரியாத சனம், அவரு தம்பிக்குச் சோத்துல கலந்து வச்ச மருந்தப் பத்தி வாய்பொளந்து கேட்டுச்சு. டி ஆறு, துண்ட எடுத்து வாயில கட்டிக்கிட்டாரு, கை தானா கரித்துண்ட எடுத்து செவுரு பூரா எழுதிடுச்சு. சி ஒம்போது தூக்க மாத்திரை போட்டுப் படுத்துச்சு, தூக்கத்துலயே அத்தனையும் சொல்லிடுச்சு, எந்திரிச்சு என்ன சொன்னோம்னு தெரியாம ஒரு வாரம் ஒவ்வொரு மூஞ்சியா பாத்துக்கிட்டே அலைஞ்சுது. டி ஏழு, சாயங்காலம் ஆறு மணிக்கு எந்திரிச்சு செருப்ப மாட்டிக்கிட்டு குளத்துப் பக்கம் போனாரு. அவரத் தேடி எடுக்க ரெண்டு நாளாச்சு.

அதுக்கப்புறந்தான் ஊரு கூடி முறை வச்சுச்சு. எந்த வீட்டுல இத்தாலிக்காரரு இருக்காரோ அந்த வீட்டு வாசக்கதவு அன்னைக்குத் தொறந்தே கிடக்கணும். சாத்தினா பெருசா ஏதோ இருக்குன்னு அர்த்தம். வீட்டாளு ஒருத்தர் கூடவே உக்காந்திருக்கணும், தனியா விடக்கூடாது, குளம் பக்கத்துலதான் இருக்கு. கேக்க வர்றவங்க நாலு கேள்வி வேணும்னாலும் கேக்கலாம். காணாமப்போன மோதிரம், மறைச்சு வச்ச உயிலு, இப்பிடி எத்தனையோ அதுல கிடைச்சுச்சு. எல்லாத்தையும் விட முக்கியமானது ஒண்ணு: ஆறு மணிக்கு முன்னால வாய் சொன்னத ஆறு மணிக்கு மேல யாரும் பேசக்கூடாது. புருசன் பொண்டாட்டிட்ட பேசக்கூடாது, அண்ணன் தம்பிட்ட பேசக்கூடாது. சொன்னது இத்தாலிக்காரரு. அவரு போயிட்டாரு. அவ்வளவுதான்.

அந்த முறையில ஊரு ஓடுச்சுன்னு சொன்னா நம்பமாட்டீங்க, ஓடுச்சு. பொண்ணு பாக்கப் போறவங்க மொதல்ல சீட்டு நம்பர் கேட்டாங்க. கல்யாணத் தேதிய போர்டப் பாத்துக் குறிச்சாங்க. மில்லுல "இத்தாலி லீவு"ன்னு தனியா ஒண்ணு வந்துச்சு. ராஜாமணி அண்ணாச்சி தள்ளுவண்டியில போண்டாவ வச்சுக்கிட்டு, அன்னைய வீடு எதுவோ அங்க போயி நின்னாரு. அவரு எஃப் மூணு, அவரோட நாள் வந்தப்ப அவரு வண்டிக்குப் பக்கத்துலயே நின்னு, செத்துப்போன மொதப் பொண்டாட்டிய பேரு சொல்லிச் சொல்லிக் கூப்பிட்டுக்கிட்டே போண்டா போட்டாரு, ரெண்டாவது பொண்டாட்டி மாவு கரைச்சுக் குடுத்தா. ஆனா ராத்திரி வெளக்கணைச்சப்புறம் அந்த ஊர்ல ஒரு வீட்டுலயும் பேச்சு சத்தம் கிடையாது. யாரு மூஞ்சியையும் யாரும் நேராப் பாக்கல. பேசாததெல்லாம் வீட்டுக்கு வீடு பாய் விரிச்சுப் படுத்திருந்துச்சு.

வடிவு இதையெல்லாம் பாத்துக்கிட்டே இருந்தா. ஒவ்வொரு நாளும் போர்டுல ஒரு பேர அடிச்சா. ஒவ்வொரு பேரு அடிக்கும்போதும் தன் பேருக்கு இன்னும் எத்தன நாளுன்னு எண்ணிப் பாத்தா.

ஏன்னா ஆறு வருசத்துக்கு முன்னால, அவளுக்குக் கல்யாணமாகி எட்டாம் மாசம், ஒரு மதியக் காட்சியில செண்பகம் டாக்கீஸ் ப்ரொஜெக்டர் ரூம்ல தீப்பிடிச்சுது. நயினாரோட தம்பி சிவனு, இருவத்திரண்டு வயசு, ரெண்டாம் ஆபரேட்டரு, உள்ள இருந்தான். நயினாரு அவன வெளிய இழுத்தப்ப உயிரில்ல. இழுத்த நயினாருக்கு ரெண்டு உள்ளங்கையும் வெந்து தோலு உரிஞ்சுது, அங்கயே மண்டையில அடிபட்டு விழுந்தாரு. மூணாம் நாளு ஆஸ்பத்திரியில கண்ண முழிச்சா அன்னைக்குக் காலையில இட்லி தின்னதுக்கப்புறம் ஒண்ணும் ஞாபகமில்ல.

"என்னட்டி ஆச்சு"ன்னு கேட்டாரு.

"கதவு இறுகிக்கிச்சு. நீங்க வெளியருந்து இழுத்தீங்க. கை வெந்துபோச்சு."

"நான் ஏன் வெளிய நின்னேன்?"

"மூத்திரத்துக்குப் போயிருந்தீங்க."

அவரு நம்பினாரு. ஊரும் நம்புச்சு. தம்பிக்காக கைய நெருப்புல விட்ட மனுசன்னு இன்னைக்கும் பெரியாளுங்ககூட அவரப் பாத்தா எந்திரிச்சு நிப்பாங்க. ஆனா கதவு இறுகல. காலேஜுப் பையங்க மேல ஏறி வந்து ஓசியில படம் பாக்கறது வழக்கம், அதனால ஆபரேட்டரு வெளிய எறங்கினா ரெண்டாவது ஆள உள்ள வச்சு வெளிய பூட்டிட்டுப் போவாரு, எல்லா டாக்கீஸ்லயும் அப்பிடித்தான். அன்னைக்கும் நயினாரு பூட்டிட்டுத்தான் போனாரு. சாவி அவருகிட்ட இருந்துச்சு. அந்தக் கலவரத்துல தொங்கிக்கிட்டிருந்த பூட்டையும் சாவியையும் எடுத்து டாக்கீஸ் கிணத்துல போட்டவ வடிவு. தம்பிய நம்ம கையால பூட்டிக் கொன்னுட்டோம்னு தெரிஞ்சா இந்த மனுசன் ஒரு நாளு இருக்கமாட்டாருன்னு அவளுக்குத் தெரியும். டி ஏழு போன குளம் அவரு வீட்டுக்கும் பக்கத்துலதான். அதுக்காகத்தான் ஆறு வருசம் வாயத் தொறக்கல. அப்பிடித்தான் அவ நெனைச்சுக்கிட்டிருந்தா.

பக்கத்து வீட்டு கோமதிதான் ஒரு வழி சொன்னா. கோமதி எச் அஞ்சு, தன் நாள முடிச்சு வந்தவ. "மைனி, அந்தாளு முன்னால இருக்கற கதவுலருந்துதான் ஒவ்வொண்ணாத் தொறந்துக்கிட்டு வருவாரு. முன்னுக்க நெறைய அடைச்சு வச்சுட்டா உள்ள போகறதுக்குள்ள ஆறடிச்சுரும். நான் கந்தசஷ்டி கவசத்த முப்பது நாளு மனப்பாடம் பண்ணி அடைச்சேன்."

"அடைச்சு?"

"மூணு மணி வரைக்கும் கவசம்தான். அப்புறம் எங்க மாமியார பத்திச் சொன்னது உங்களுக்குத் தெரியுமே. தெரியாத மாதிரி இருங்க."

வடிவு அடைக்க ஆரம்பிச்சா. பாத்த படத்தோட கதையெல்லாம் ஒண்ணுவிடாம நெனச்சு நெனச்சு முன்னால அடுக்கினா. ஆறு வருசத்து டிக்கெட் நம்பர், தெருவுல எத்தன வீடு, வீட்டுக்கு எத்தன படி, சாம்பாருல என்ன போடணும், ரசத்துல என்ன போடக்கூடாது. நடக்கும்போதும் துவைக்கும்போதும் வாய் முணுமுணுத்துக்கிட்டே இருந்துச்சு. கூடவே தொண்ணூத்தி நாலாம் நாளைக்கு நயினார மதுரைக்கு அனுப்ப ஏற்பாடு பண்ணினா. லென்ஸ் மங்கிடுச்சு, மாத்தணும், மேனேஜர் சொல்லிட்டாருன்னு. ஊரு கேக்கட்டும், அவரு கேக்காம இருந்தாப் போதும். ஆறு மணிக்கு மேல ஒருத்தரும் அவருகிட்ட சொல்லமாட்டாங்க. முறை இருக்கு.

"உன் நாளன்னைக்கா என்ன அனுப்புத?"ன்னாரு நயினாரு.

"கோமதி இருப்பா. எனக்குள்ள என்ன இருக்கப்போவுது, சினிமாக் கதைதான். நீங்க இருந்தா எனக்கு வெக்கமா இருக்கும்."

அவரு சிரிச்சாரு. தொண்ணூத்தி நாலாம் நாள் விடியக்காலம் அஞ்சரை மணி பஸ்ஸுக்குக் கிளம்பிப் போனாரு.

அன்னைக்கு விடியறதுக்கு முன்னாலயே வாசல்ல ஆளுங்க. தொண்ணூத்தி மூணு பேருல உயிரோட இருந்த அத்தன பேரும் வந்திருந்தாங்க. யாரும் கேலி பண்ணல, சிரிக்கல. பந்தியில கடைசி ஆளு எப்ப உக்காருவான்னு காத்திருக்கிற மாதிரி சும்மா உக்காந்திருந்தாங்க. கிருபாகரன் சாரும் இருந்தாரு, அவரு ஏ நாலு, அன்னைலருந்து சவரம் பண்ணல. அந்தக் காகிதத்த இத்தாலி பாசை தெரிஞ்ச ஒரு சர்ச் சாமியார்கிட்ட குடுத்துப் படிச்சுட்டு வந்திருந்தாரு. 'நடுவுல நிறுத்தினா இவரு எறங்கிருவாரு'ன்னுதான் அந்த செவப்பு வரி. அவரு டாக்கீஸ் கதவையெல்லாம் தொறந்து போட்டு, ரெண்டாம் பாதியப் ப்ரொஜெக்டர்ல ஏத்தி வச்சிருந்தாரு. தொண்ணூத்தஞ்சாவது சீட்டு கிடையாதே, எறங்கின ஆளு திரும்பப் படத்துக்குள்ளதானே போயாகணும்.

ஆறடிச்சுது. வடிவுக்கு மொதல்ல குளிர்ந்துச்சு. அப்புறம் அவ தன் மண்டைக்குள்ள நின்னுக்கிட்டிருந்தா. நீள வழி. முன்னால அந்த ஆளோட முதுகு, கருப்புக் கோட்டு, தோள்பட்டையில ஈரம், எந்த ஊரு மழையோ. அவ வாய் எங்கயோ தூரத்துல, ஏத்த எறக்கமே இல்லாத குரல்ல சொல்லிக்கிட்டிருந்துச்சு: "மொதக் கதவத் தொறக்கேன். டிக்கெட்டு. பூரா டிக்கெட்டு. ரெண்டாவது கதவத் தொறக்கேன். ஒரு கதாநாயகி ரயிலுக்குப் பின்னால ஓடுதா." எட்டு மணி. பத்து மணி. சனம் கொட்டாவி விட்டுச்சு. பதினொண்ணுக்கு ரசத்துல என்ன போடக்கூடாதுன்னு வாய் சொல்லிக்கிட்டிருந்தப்ப வாசல்ல ஒரு நிழல் விழுந்துச்சு.

நயினாரு. பைபாஸ்லயே எறங்கி நடந்து வந்திருக்காரு. "பாதி வழியில மனசு கேக்கல. தனியா பயந்துருவாளே"ன்னு கோமதிகிட்ட சொல்லிட்டு, வடிவுக்கு எதுக்க, ஒரு முழம் தள்ளி, சம்மணம் போட்டு உக்காந்தாரு. உள்ளங்கை ரெண்டையும் மடியில வச்சுக்கிட்டாரு. அந்தக் கையி வெளுத்து, ரேகையே இல்லாம, மாவு பெசஞ்ச மாதிரி இருக்கும்.

உள்ள நின்ன வடிவுக்கு அவர அங்க பாத்ததும் என்ன செய்யன்னு தெரியல. ஓடிப்போயி ஒரு கதவு முன்னால கைய விரிச்சுக்கிட்டு நின்னுட்டா. அதுதான் அவ செஞ்ச தப்பு. தொண்ணூத்தி மூணு மண்டையத் தொறந்த ஆளுக்கு வரிசை எதுக்கு. இத்தாலிக்காரரு ரசத்த அப்பிடியே போட்டுட்டு, டக்கு டக்குன்னு நேரா வந்து, அவ நிக்கிற கதவுல கை வச்சாரு. "வேண்டாங்க"ன்னா. அவருக்குத் தமிழ் தெரியாது, அவ வாய் மட்டும்தான் அவருக்குச் சொந்தம்.

"கதவத் தொறக்கேன்"னு வாய் சொல்லுச்சு. "ப்ரொஜெக்டர் ரூமு. வெளிய பூட்டு தொங்குது. நயினாரு பூட்டுதாரு. சாவியப் பையில போடுதாரு. சிவனு உள்ள இருக்கான்."

 தொண்ணூறு தலையும் ஒண்ணா நயினாரு பக்கம் திரும்புச்சு. ராஜாமணி அண்ணாச்சி தோள்ல கெடந்த துண்ட எடுத்துக் கையில பிடிச்சுக்கிட்டாரு. நயினாரு யாரையும் பாக்கல. உள்ளங்கைய விரிச்சுப் பாத்தாரு, மடக்கினாரு, மறுபடி விரிச்சுப் பாத்தாரு. அந்தக் கைய ஆறு வருசமா அவரு பாத்திருக்காரு, ஆனா இது வேற ஆளோட கைய பாக்குற மாதிரி இருந்துச்சு.

"கிணத்துல பூட்டப் போடுதா. கிணத்துல சாவியப் போடுதா. மூத்திரத்துக்குப் போனீங்கன்னு சொல்லுதா"ன்னு வாய் சொல்லிக்கிட்டே போச்சு.

முடிஞ்சுதுன்னு வடிவு நெனச்சா. ஆறு வருசம் காவல் காத்த கதவு போச்சு, இனி அவருகூடவே குளம் வரைக்கும் ஓடணும், கால்ல விழுந்து பிடிச்சுக்கணும்னு உள்ளுக்குள்ளயே கணக்குப் போட்டா. ஆனா இத்தாலிக்காரரு திரும்பல. அந்த ரூமுக்குள்ள, பின்பக்கச் செவுத்துல, இன்னொரு கதவு இருந்துச்சு. சின்னக் கதவு. தகரக் கதவு. டாக்கீஸுக்குப் பின்னாலயே இருக்கற அவ வீட்டு அடுப்படிக் கதவு மாதிரி. அப்பிடி ஒரு கதவு அங்க இருக்கறது அவளுக்கே தெரியாது. தெரியாதுன்னுதான் சத்தியம் பண்ணியிருப்பா. ஆனா அதப் பாத்த மாத்திரத்துல உள்ள என்ன வாசம் வரும்னு அவளுக்கு முன்னாலயே தெரிஞ்சுபோச்சு. கருவாட்டுக் கொழம்பு.

அந்த ஆளு அந்தக் கதவு முன்னால ரொம்ப நேரம் நின்னாரு. அப்புறம் தொறந்தாரு.

"அடுப்படி"ன்னு வாய் சொல்லுச்சு. "மதியம். கொழம்பு கொதிக்குது. வடிவு பின்வாசல் வழியாப் போயி டாக்கீஸ் தகரத்துமேல கல்லு எறியுதா. சுடச்சுட ஒரு வாய் தின்னுட்டுப் போகட்டும்னு எறியுதா. ஒரு கல்லு. ரெண்டு கல்லு. நயினாரு எறங்கி வாராரு. சட்டைய ஆணியில மாட்டுதாரு. தின்னுதாரு. 'போதும்ட்டி, தம்பி உள்ள இருக்கான், சாவி என்கிட்ட இருக்கு'ங்காரு. வடிவு சட்டைப் பையிலருந்து சாவிய எடுக்கா. இடுப்புல சொருகுதா. 'தேடுங்க பாப்போம்'ங்கா. நயினாரு தேடுதாரு. வடிவு சிரிக்கா. அடுப்பச் சுத்தி ஓடுதா. நயினாரு சிரிக்காரு. 'குடுட்டி, நேரமாச்சு'ங்காரு. குடுக்கல. கால் மணி நேரம் குடுக்கல. பொக வாசம் வருது. கொழம்பு தீயுதுன்னு அடுப்பப் பாக்கா. கொழம்பு தீயல."

வாய் நின்னுச்சு. அதுக்கப்புறம் சொல்ல ஒண்ணுமில்ல. அந்த ரூமுக்குப் பின்னால கதவு இல்ல.

மிச்ச நேரம் பூரா, பன்னெண்டு மணிலருந்து சாயங்காலம் வரைக்கும், இத்தாலிக்காரரு அந்த அடுப்படியிலயே நின்னாரு. வாய் அதையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கிட்டிருந்துச்சு, கல்லு, சட்டை, சாவி, இடுப்பு, சிரிப்பு, பொக. முறைப்படி கேள்வி கேக்கலாம், ஒருத்தரும் கேக்கல. கோமதி ஒரு தடவ வடிவு வாய்க்குத் தண்ணி குடுக்க வந்தா, நயினாரு செம்ப வாங்கி அவரே குடுத்தாரு. பாதித் தண்ணி அவ சேலையில சிந்துச்சு. அவரு மூஞ்சியில என்ன இருக்குன்னு வடிவால படிக்க முடியல. தெரியாத பாசையில எழுதின காகிதமா இருந்துச்சு.

ஆறடிச்சுது. ஷூ சத்தம் வாசப்படியில எறங்குச்சு. எறங்கி ஒரு நிமிசம் தெருவுல நின்னுச்சு, இந்தப் பக்கமா அந்தப் பக்கமான்னு தெரியாத மாதிரி. அப்புறம் டாக்கீஸ் பக்கம் திரும்புச்சு. கிருபாகரன் சாரு பின்னாலயே போனாரு, அவரு பின்னால ராஜாமணி அண்ணாச்சி, அப்புறம் எல்லாரும், பொணத்துக்குப் பின்னால போற மாதிரி பேச்சில்லாம. கோமதி கடைசியா எந்திரிச்சா. நயினாரப் பாத்து, "அண்ணே, சொன்னது அந்தாளு. அவரு போயிட்டாரு. முறை இருக்குல்லா"ன்னா. நயினாரு தலையாட்டினாரு. கோமதி போயிட்டா.

வீட்டுல ரெண்டே பேரு. வாசக்கதவு தொறந்து கிடந்துச்சு. வடிவுக்குத் தொண்டை ரணமா இருந்துச்சு, ஆனா நாக்கு அவ நாக்கா இருந்துச்சு, அசைச்சுப் பாத்தா. எந்திரிச்சுப் போயி அடுப்புப் பத்த வைக்கலாம். சோறு வடிக்கலாம். அவரு சாப்பிடுவாரு. நாளைக்கு டாக்கீஸுக்குப் போவாரு. ஊர்ல ஒரு சீவன் இதப் பத்தி வாய் தொறக்காது, அவரும் தொறக்கமாட்டாரு, எத்தன வீடு அப்பிடித்தான் இருக்கு. பயம்னா என்னன்னு அவளுக்குத் தொண்ணூத்தி நாலு நாளா தெரியும்னு நெனச்சிருந்தா. இல்ல. இப்பதான் தெரிஞ்சுது.

நயினாரு எந்திரிக்கல.

"ஆறு மணி ஆயிட்டு"ன்னாரு.

"ம்."

"அந்தாளு போயிட்டாரு."

"ம்."

"அந்தாளு சொன்னத நான் கேக்கல. அவரு யாரு எனக்கு. நீ சொல்லு." குரல் ஒசரல. "சாவிய யாரு எடுத்தா?"

முறைய மீறிக் கேட்ட மொத ஆளு அந்த ஊர்லயே அவருதான். பதில் சொல்லணும்னு கட்டாயம் கிடையாது, யாரும் அவ வாயப் பிடிச்சுத் தொறக்கல. வடிவு அவரு மூஞ்சியப் பாத்தா. பாத்துக்கிட்டே, "நாந்தான் எடுத்தேன்"னா.

அடுத்தாப்புல 'விளையாட்டுக்கு'ன்னு ஒரு வார்த்தை நாக்கு நுனி வரைக்கும் வந்துச்சு. அத முழுங்கிட்டு, அடுத்த கேள்விய அவரு கேக்கட்டும்னு உக்காந்திருந்தா.